அடுப்பில்லாத புதன்கிழமைகள்

அடுப்பைத் தூக்கிக்கொண்டு போன அன்று கரண்டியம்மா சமையலறை மூலையில் ஒதுங்கி நின்றாள். இரண்டு ஆட்கள் ஆளுக்கொரு பக்கம் பிடித்து, அதைச் சாய்த்து, குறுகலான வாசல் வழியே சுவரில் உரசாமல் வெளியே கொண்டுபோனார்கள். பின்னாலேயே சிலிண்டரும் போனது. அடுப்பு இருந்த இடத்தில் சதுரமாக ஓர் எண்ணெய்க் கறை மட்டும் மிஞ்சியது. அவள் துணியை நனைத்து அதைத் தேய்த்துப் பார்த்தாள். இருபத்திரண்டு வருஷத்துக் கறை, அவ்வளவு சுலபத்தில் போகுமா? துணியைப் பிழிந்து கம்பியில் போட்டுவிட்டுக் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள்.

பெரிய ஆஸ்பத்திரியின் பின்பக்கம், துணி துவைக்கும் கூடத்துக்கும் வண்டிகள் நிறுத்தும் இடத்துக்கும் நடுவே இருந்தது அந்தக் குழந்தைகள் காப்பகம். நர்சுகள், வார்டு ஆயாக்கள், எக்ஸ்ரே எடுப்பவர்கள் என்று ஆஸ்பத்திரியில் வேலை பார்ப்பவர்களின் குழந்தைகள் பதினெட்டுப் பேர் அங்கே இருந்தார்கள். எல்லாம் மூன்று வயதிலிருந்து ஆறு வயது வரை. விளையாட ஓர் அறை, தூங்க ஓர் அறை, அதை ஒட்டினாற்போல் சமையலறை. அந்தச் சமையலறைக்கு ராணி அவள்தான். எந்நேரமும் கையில் கரண்டி இருந்ததால் ஏதோ ஒரு வருஷத்துக் குழந்தை அவளுக்குக் கரண்டியம்மா என்று பெயர் வைத்தது. அந்தக் குழந்தை வளர்ந்து கல்லூரிக்கே போய்விட்டது, பெயர் மட்டும் இங்கேயே தங்கிவிட்டது.

அவள் சமைத்தால் பதினெட்டுத் தட்டும் கழுவி வைத்த மாதிரி திரும்பி வரும். ஆனால் குழந்தைகளை அவளுக்குப் பிடிக்கும் என்று யாரும் சொன்னதில்லை. சமையலறை வாசலில் தரையில் மஞ்சள் பெயிண்டால் அவளே ஒரு கோடு போட்டிருந்தாள். அதைத் தாண்டி ஒரு விரல் உள்ளே வந்தாலும் அவள் போடும் சத்தம் மூன்றாம் மாடி வார்டு வரை கேட்கும் என்று நர்சுகள் சொல்லிச் சிரிப்பார்கள். ஏன் அப்படி என்று யாரும் கேட்டதில்லை. அவளும் சொன்னதில்லை.

தீயணைப்புத் துறையிலிருந்து வந்த அதிகாரி இதமாகத்தான் பேசினார். பக்கத்து அறையில் குழந்தைகள் தூங்குகிறார்கள், இங்கே சிலிண்டர் இருக்கிறது, வெளியேற ஒரே ஒரு வாசல். இன்னொரு வாசல் வைத்து, நடுவில் நல்ல சுவர் எழுப்பும் வரை இங்கே நெருப்பே கூடாது என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். அவர் சொன்னதில் ஒரு தப்பும் இல்லை என்று கரண்டியம்மாவுக்கே தெரியும். அதுதான் அவளுக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது.

சுவர் கட்டி முடிக்கும் வரை ஆஸ்பத்திரியின் பெரிய சமையலறைக்குப் போகலாம், இல்லையென்றால் குழந்தைகளைப் பார்த்துக்கொண்டு இங்கேயே இருக்கலாம் என்று அலுவலகத்தில் சொன்னார்கள். பெரிய சமையலறை இரண்டாம் மாடியில். அவளுடைய முழங்கால்கள் படி என்ற சொல்லைக் கேட்டாலே முனகும். அதனால் இங்கேயே இருந்துவிட்டாள்.

மத்தியானச் சாப்பாடு தூக்குப் பாத்திரங்களில் வந்து இறங்கியது. அதைப் பரிமாறுவதைத் தவிர அவளுக்கு வேறு வேலை இல்லை. குழந்தைகள் உட்காரும் குட்டி நாற்காலி ஒன்றில், முழங்கால் முகவாயில் இடிக்கும்படி உட்கார்ந்து, ஆறிப்போன சாப்பாட்டைக் குழந்தைகள் அளைந்துகொண்டிருப்பதைப் பார்ப்பாள். "உப்பு போடறவங்க கண்ண மூடிக்கிட்டுப் போடறாங்க போலிருக்கு" என்று யாருக்கும் கேட்காமல் சொல்லிக்கொள்வாள். காப்பகத்து டீச்சர் சின்னப் பெண், வயது முப்பதுக்குள்தான். கழுத்தில் எப்போதும் ஒரு விசில் தொங்கும். அவள் கரண்டியம்மாவை ஒரு வாரம் ஒன்றும் சொல்லாமல் விட்டாள். இரண்டாவது வாரம் ஒரு காகிதத்தைக் கொண்டுவந்து கையில் கொடுத்தாள். அடுப்பே இல்லாமல் குழந்தைகளை வைத்துக்கொண்டு குக்கீஸ் செய்யும் முறை அதில் இருந்தது. கடலை, முந்திரி எதுவும் கூடாது என்று டீச்சர் சிவப்பு மையில் அடிக்கோடு போட்டிருந்தாள், ஒரு குழந்தைக்கு அது ஒத்துக்கொள்ளாது.

கரண்டியம்மா காகிதத்தைத் தூரப் பிடித்துப் படித்தாள்.

"அடுப்பு பத்த வைக்காம செய்யறதுக்குப் பேரு சமையலா டீச்சர்?"

"சமையல்னு சொல்ல வேண்டாம்க்கா. விளையாட்டுன்னு வச்சுக்குங்க. புதன்கிழமை மத்தியானம் இதுங்க தூங்கறதே இல்ல. என் உயிர எடுக்குதுங்க."

விளையாட்டு என்றதும் கரண்டியம்மாவுக்கு மூக்கு விடைத்தது. ஆனாலும் சும்மா உட்கார்ந்து உட்கார்ந்து அவளுக்கு உடம்பே கனத்துப்போயிருந்தது. சரி என்றாள்.

முதல் புதன்கிழமை இரண்டு நீள மேஜைகளைச் சேர்த்துப் போட்டார்கள். சாதா பிஸ்கட், ஓட்ஸ், கோகோ பொடி, கொட்டை எடுத்த பேரீச்சம்பழம், ஒரு கிண்ணத்தில் வெண்ணெய். குழந்தைகள் கைகழுவி, தண்ணீர் சொட்டச் சொட்ட வந்து அவளை மொய்த்துக்கொண்டன. அவள் தன்னையறியாமல் முழங்கையை விரித்தாள். "தள்ளு, தள்ளு, தூரப் போ."

வாயைத் திறந்தால் மூடாத ஒரு சிறுமி அங்கே உண்டு. எதற்கெடுத்தாலும் நியாயம் கேட்பதால் குட்டி வக்கீல் என்று டீச்சர் கூப்பிடுவாள். அவள் அண்ணாந்து பார்த்து, "எதுக்குத் தள்ளணும்? இங்கதான் அடுப்பே இல்லையே" என்றாள்.

கரண்டியம்மா சுற்றிலும் பார்த்தாள். சூடு என்று சொல்ல ஒன்றுமே இல்லை. கத்திகூட இல்லை. விரித்த முழங்கையை மெதுவாக மடக்கிக்கொண்டாள்.

பிஸ்கட்டைத் துணிப்பையில் போட்டுக் கட்டிக் கொடுத்தாள். குழந்தைகள் அதை மரக்கட்டையால் அடித்தார்கள், கையால் குத்தினார்கள், ஒருவன் அதன் மேல் உட்கார்ந்தே பார்த்தான். இரண்டு வருஷமாகக் கோபத்தைச் சேர்த்து வைத்திருந்த மாதிரி நொறுக்கித் தள்ளினார்கள். அது வரைக்கும் எல்லாம் நன்றாகத்தான் போயிற்று. கலந்து உருட்டப் போனபோதுதான் வினை. உருண்டை பிடித்தால் பிடிபடவில்லை. கையை விரித்தால் பொலபொலவென்று மணல் மாதிரி உதிர்ந்தது. வெண்ணெய் கட்டியாகவே கிடந்தது, பேரீச்சம்பழம் தோலும் சதையுமாகத் தனித்தனியே நின்றது. குழந்தைகளுக்கு அதைப் பற்றிக் கவலையே இல்லை. ஆளுக்கொரு கிண்ணத்தில் அள்ளிப் போட்டு ஸ்பூனால் தின்று தீர்த்தார்கள். கரண்டியம்மாவுக்குத்தான் முகம் தொங்கிவிட்டது. எத்தனை பேருக்குச் சமைத்துப் போட்ட கை, ஒரு பிஸ்கட் தூளிடம் தோற்றுப்போனதே என்று பஸ்ஸில் வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் புழுங்கினாள்.

அந்த வாரம் முழுக்க வீட்டில் அதே வேலைதான். அவளுடைய கணவர் பஸ் ஓட்டுநராக இருந்து ஓய்வு பெற்றவர். கீழே வைக்கிற பாத்திரத்தைக்கூட பஸ்ஸை நிறுத்தத்தில் நிறுத்துகிற மாதிரி பார்த்துப் பார்த்து வைக்கிற மனிதர். தினமும் சாயங்காலம் அவர் முன்னால் ஒரு தட்டு வந்தது. முதல் நாள் உதிர்ந்தது. இரண்டாம் நாள் பல்லில் ஒட்டிக்கொண்டு, பேச்சே வராமல் கையால் ஜாடை காட்டினார். மூன்றாம் நாள், ரொம்ப நல்லா இருக்கு, இத்தோட நிறுத்திக்கலாமே என்று கெஞ்சினார். அவள் நிறுத்தவில்லை. பேரீச்சம்பழத்தை வெதுவெதுப்பான தண்ணீரில் ஊறவைத்து மசிக்க வேண்டும் என்று கண்டுபிடித்தாள். வெண்ணெயைக் காலையிலேயே வெயில் படும் ஜன்னலில் வைத்துவிட்டால் மத்தியானத்துக்குள் விரல் வைத்த இடத்தில் குழிகிறது. கலந்ததும் உருட்டக் கூடாது, ஓட்ஸ் ஈரத்தைக் குடிக்கும் வரை ஒரு பத்து நிமிஷம் அதை அதன்பாட்டுக்கு விட வேண்டும். சனிக்கிழமை செய்த உருண்டையைத் தரையில் போட்டுப் பார்த்தாள். உடையவில்லை. கணவர் அதை எடுத்துத் துடைத்து வாயில் போட்டுக்கொண்டார்.

இரண்டாவது புதன்கிழமை அவள் முன்னேற்பாட்டோடு வந்தாள். வெண்ணெய்க் கிண்ணம் காலையிலேயே ஜன்னல் விளிம்பில் ஏறிவிட்டது. உருகிடுச்சா என்று பார்க்கக் குழந்தைகள் மணிக்கு மூன்று தரம் முறைவைத்துப் போய் வந்தார்கள். மத்தியானம் எல்லாம் கைக்கு அடங்கி வந்தது. பிசைந்த மாவு தட்டில் ஓய்வெடுக்கும் பத்து நிமிஷம்தான் பெரிய பாடு. பத்து நிமிஷம் என்றால் எவ்வளவு என்று குட்டி வக்கீல் கேட்டாள். ஆஸ்பத்திரி வாசல் வரை நடந்து போய்த் திரும்பி வருகிற நேரம் என்றாள் கரண்டியம்மா. யார் நடந்தால், நீங்களா நானா என்று அடுத்த கேள்வி வந்தது. மேஜையில் எல்லோரும் சிரித்தார்கள். அவளுக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

உருட்டத் தொடங்கினார்கள். ஒருத்தி கோலிக்குண்டு அளவில் பிடித்தாள். ஒருவன் டென்னிஸ் பந்து அளவுக்குப் பிடித்து, இது அப்பாவுக்கு என்றான். கரண்டியம்மா ஒவ்வொரு கையாகப் பிடித்து, உள்ளங்கையைக் குழித்து, இப்படி, அழுத்தாமல் சுற்று என்று காட்டினாள். உருட்டியதைத் தட்டில் வைத்து ஸ்பூனின் பின்பக்கத்தால் தட்டையாக்கினார்கள். நாற்பது நாற்பத்தைந்து தேறியது.

அப்போதுதான் புல்லட் கத்தினான். ஓரிடத்தில் நிற்காமல் ஓடுகிற ஆறு வயதுப் பையன் அவன். அவனுடைய கீழ்வரிசைப் பல் ஒன்று ஒரு வாரமாக ஆடிக்கொண்டிருந்தது, காப்பகம் முழுக்க அதை ஆட்டிப் பார்த்திருந்தது. இப்போது அந்த இடத்தில் ஓட்டை மட்டும் இருந்தது. பல்லைக் காணோம். பல் விழுந்தால் அம்மாவிடம் காட்ட வேண்டும் என்று அவன் பஞ்சு வைத்த ஒரு டப்பாவையே தயாராக வைத்திருந்தான்.

மாவை ருசி பார்த்தாயா என்று டீச்சர் கேட்டாள். பார்த்தேன் என்று அழுகைக்கு நடுவே தலையாட்டினான். எத்தனை தரம் என்று கேட்டதற்கு இரண்டு கையையும் விரித்துக் காட்டினான்.

டீச்சர் தலையில் கைவைத்துக்கொண்டாள். கரண்டியம்மா வரிசையாக வைத்திருந்த தட்டுகளைப் பார்த்தாள். ஒரு வாரம் உழைத்துப் பிடித்த பதம். பிறகு கையைத் துடைத்துக்கொண்டு, "சரி, எல்லாரும் ஒண்ணொண்ணா உடைங்க. மெதுவா. பல்லு கிடைக்கிற வரைக்கும் யாரும் வாயில வைக்கக் கூடாது" என்றாள்.

பதினெட்டுக் குழந்தைகள் மேஜை மேல் குனிந்து, தங்கம் தேடுகிறவர்கள் மாதிரி பொடிப் பொடியாக உதிர்த்துத் தேடினார்கள். சத்தமே இல்லை. முப்பதுக்கு மேல் உடைத்தாயிற்று. கடைசியில், அப்பாவுக்கு என்று செய்த டென்னிஸ் பந்துக்குள்ளிருந்து ஓர் அரிசி மணி அளவுக்கு வெள்ளையாக எட்டிப் பார்த்தது. கரண்டியம்மா அதைக் கழுவி, துடைத்து, புல்லட்டின் டப்பாவில் பஞ்சின் மேல் வைத்தாள். அவன் மூக்கை உறிஞ்சிக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தான். மாவு முழுக்கக் குப்பைக்குப் போனது. வேறு வழியில்லை. அலமாரியில் இன்னும் இரண்டு பாக்கெட் பிஸ்கட் இருந்தது. அவள் பழையபடி முதலிலிருந்து ஆரம்பித்தாள்.

இரண்டாம் முறை பிசையும்போது நாற்காலியில் உட்கார்ந்துதான் செய்தாள், கால் ஒத்துழைக்கவில்லை. குட்டி வக்கீல் அவள் தோளில் முகவாயை வைத்து மேற்பார்வை பார்த்தாள். அழுது களைத்த புல்லட் அவள் மடியில் சாய்ந்துகொண்டான். கோகோ அப்பிய கைகள் அவள் முழங்கையை, புடவைத் தலைப்பை, முதுகை எங்கெங்கேயோ பிடித்துக்கொண்டிருந்தன. அவ்வளவு குழந்தைகளின் சூடும் கனமும் ஒரே நேரத்தில் தன் மேல் படுவது இருபத்திரண்டு வருஷத்தில் அதுதான் முதல் தடவை. குனிந்து மாவைப் பிசைந்துகொண்டே இருந்தாள்.

அவளுக்கு ஒரு மகள் உண்டு. மூன்றரை வயதில், அம்மாவின் காலடியில் விளையாடிக்கொண்டிருந்தபோது, அடுப்பில் இருந்த பாத்திரத்தின் பிடிதுணியை எட்டி இழுத்துவிட்டாள். கொதிக்கிற தண்ணீர் முழங்கையிலிருந்து மணிக்கட்டு வரை கொட்டியது. பதினோரு நாள் ஆஸ்பத்திரி. கை ஆறிவிட்டது, தழும்பு மட்டும் இருந்தது. அம்மாதான் ஆறவில்லை. வீடு திரும்பிய மறுநாளே சமையலறை வாசலில் ஒரு பலகையை ஆணியடித்து நிறுத்தினாள். மகள் வளர வளரப் பலகையும் உயர்ந்தது. பத்து வயதில் ஒருநாள், நானும் செய்யட்டுமா என்று மகள் கேட்டபோது, வெளியே நில்லு என்றாள் அம்மா. இரண்டொரு தரம் கேட்டுப் பார்த்துவிட்டு அவள் கேட்பதையே விட்டுவிட்டாள். படித்தாள், வேறு ஊரில் ஒரு கண்ணாடிக் கடையில் மூக்குக்கண்ணாடிக்கு லென்ஸ் பொருத்தும் வேலைக்குப் போனாள். ஞாயிற்றுக்கிழமை போன் வரும். சாப்பிட்டியா, சாப்பிட்டேன், நீ, நானும்தான், அப்பா எப்படி இருக்கார். இரண்டு நிமிஷத்தில் முடிந்துவிடும். இருவருக்கும் ஒருவர் மேல் ஒருவருக்குக் கோபமெல்லாம் கிடையாது. பேச ஒன்றும் இருப்பதில்லை, அவ்வளவுதான்.

அந்தப் புதன்கிழமை சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும், செருப்பைக்கூடக் கழற்றாமல் அவளே மகளைக் கூப்பிட்டாள். ஞாயிறல்லாத நாளில் அம்மாவின் பெயர் போனில் வந்ததும் மகள் பதறிப்போய், அப்பாவுக்கு ஒண்ணும் இல்லையே என்றுதான் கேட்டாள். ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டு, பல் காணாமல்போன கதையை அவள் முதலிலிருந்து சொன்னாள். மகள் சிரித்தாள். வாய்விட்டுச் சிரித்து மூச்சு வாங்கினாள். மகள் அப்படிச் சிரித்துக் கேட்டு எத்தனை நாளாயிற்று என்று யோசித்தபோது கரண்டியம்மாவுக்குக் கணக்குத் தெரியவில்லை. சிரிப்பு அடங்கியதும் மகள் கேட்டாள்:

"எல்லாரையும் பக்கத்துலயே உக்கார வச்சுக்கிட்டியாம்மா?"

"அடுப்பு இல்லையேடி. அதனாலதான்."

"ம்."

கரண்டியம்மா அப்போதுதான் செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்தாள்.

"உன்னையும் அப்படி விட்டிருக்கலாம்னு இப்பத் தோணுது" என்றாள் கரண்டியம்மா.

மகள் கோபமே இல்லாத குரலில் சொன்னாள்: "சுட்டது எனக்கு ஞாபகமே இல்லம்மா. அந்தப் பலகைதான் ஞாபகம் இருக்கு."

கரண்டியம்மா சரி வச்சிடறேன் என்றாள். ஆனால் வைக்கவில்லை. மகளும் வைக்கவில்லை. கொஞ்சம் கழித்து மகள், "அந்தப் பையன் பல்லு கடைசில எதுக்குள்ள இருந்துச்சுன்னு சொன்ன?" என்று கேட்டாள். ஏற்கெனவே சொன்னதுதான். கரண்டியம்மா இன்னொரு தரம் சொன்னாள்.

மூன்று வாரம் கழித்து மகள் இரண்டு நாள் விடுப்பில் வந்தாள். பையை வைத்துவிட்டு முகம் கழுவிக்கொண்டு நேராகச் சமையலறைக்குள் நுழைந்தாள். பலகையை எப்போதோ கழற்றியாகிவிட்டது, அந்த இடத்தில் ஆணி ஓட்டைகள் மட்டும்தான். அவள் கத்தியை எடுத்து, கூடையிலிருந்து வெங்காயத்தை எடுத்து, நான்கே நிமிஷத்தில் பூ மாதிரி நறுக்கிக் குவித்தாள். கரண்டியம்மா திகைத்துப்போனாள். இந்தப் பெண் மூன்று வேளையும் கடையில்தான் சாப்பிடுகிறாள் என்றே இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தாள்.

"இதெல்லாம் எங்க கத்துக்கிட்ட?"

"ஹாஸ்டல்லம்மா. பக்கத்து ரூம்ல ஒரு அக்கா இருந்தாங்க. அவங்கதான் சொல்லிக் குடுத்தாங்க. நல்லா திட்டுவாங்க."

முகம் தெரியாத அந்த அக்காவின் மேல் கரண்டியம்மாவுக்குப் பொறாமை பொத்துக்கொண்டு வந்தது. கூடவே நன்றியும் வந்தது. இரண்டில் எது பெரிது என்று அவளால் சொல்ல முடியவில்லை. அடுப்புக்கு முன்னால் ஒரு ஆள் நிற்க இடம் விட்டு நகர்ந்துகொண்டாள். மகள் வந்து இடித்துக்கொண்டு நின்றாள். வாணலியில் எண்ணெய் காய்ந்தது. மகளுடைய சட்டைக் கை தீக்குப் பக்கத்தில் போகும்போதெல்லாம் கரண்டியம்மா நாக்கைக் கடித்துக்கொண்டாள். மூன்று தரம் கடித்துக்கொண்டாள், நாலாவது தரம் முடியவில்லை. தள்ளு என்று வாய் சொல்லிவிட்டது. மகள் அவளைப் பார்த்துவிட்டுச் சட்டைக் கையை மடித்துவிட்டுக்கொண்டாள். தழும்பு வெளியே தெரிந்தது. "போதுமா?" என்றாள். போதும் என்றாள் அம்மா.

காப்பகத்தில் சுவரும் இரண்டாவது வாசலும் முடிய ஐந்து மாதம் ஆயிற்று. அதே அதிகாரி வந்து பார்த்துவிட்டுத் தலையாட்டினார். அடுப்பு திரும்பி வந்தது. முதல் நாள் சமையலுக்கே பதினெட்டுத் தட்டும் வழித்துத் துடைத்துத் திரும்பி வந்தன. மஞ்சள் கோட்டை அவள் அழிக்கவில்லை. வெளுத்துப்போயிருந்த இடத்தில் புதுப் பெயிண்ட் அடித்தாள். நெருப்பு நெருப்புதான், அதில் விளையாட்டு கிடையாது என்று குட்டி வக்கீலிடம் நேருக்கு நேராகவே சொன்னாள். ஆனால் புதன்கிழமை மத்தியானம் மூன்று மணிக்கு அடுப்பை அணைத்து, கையைக் கழுவி, கோட்டுக்கு இந்தப் பக்கம் வந்துவிடுவாள். மேஜைகள் சேரும். மாவை ருசி பார்ப்பதற்கு முன் எல்லோரும் வாயைத் திறந்து பல்லை ஆட்டிக் காட்ட வேண்டும் என்பது மட்டும் புதுச் சட்டம்.

மகள் இப்போது மாதம் ஒருமுறை வருகிறாள். வந்தால் சமையலறையில் இருவரும் சேர்ந்துதான். எல்லாம் சுமுகம் என்று சொல்ல முடியாது. உப்பு அதிகம் என்று அம்மா சொல்வாள், நீ போடறதுதான் கம்மி என்று மகள் சொல்வாள். ஊருக்குப் போன பிறகும் அந்தச் சண்டை போனில் நடக்கும், சில நாள் முக்கால் மணி நேரம்கூட நடக்கும். கணவர் டிவியின் சத்தத்தைக் குறைத்து வைத்துவிட்டு உட்கார்ந்திருப்பார். முன்னெல்லாம் இந்த வீடு எவ்வளவு அமைதியாக இருந்தது என்று பக்கத்து வீட்டுக்காரரிடம் புகார் மாதிரி சொல்வார். சொல்லும்போது முகத்தில் சிரிப்பை அடக்கத் தெரியாது அவருக்கு.